இத்தா அறையிலிருந்து ஒரு கடிதம்: மரியாமா பாவும் நாகூர் நாவலும்

ஆப்பிரிக்க நாவல்களை வாசிக்க ஆரம்பித்து ஏழெட்டு வருஷம் ஆகிறது. பலரையும் போல எனக்கும் சினுவா அச்செபேயின் ‘சிதைவுகள்’தான் முதல். என்.கே. மகாலிங்கத்தின் மொழிபெயர்ப்பு. பிறகு கூகி வா தியாங்கோ, இன்னும் சிலர். எது படித்தாலும் ஒரு நோட்டில் குறித்து வைப்பேன். வேலையில் பிடித்த பழக்கம், விடுவதில்லை.

போன மாதம் அந்த நோட்டைப் புரட்டினேன். ‘இக்போ திருமண முறை’, ‘கிகுயு நில உரிமை’, ‘சேனைக்கிழங்கு விருந்து’ என்று பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறேன். நாவலைப் பற்றிச் சொல்லும்படி ஒரு வரிகூட இல்லை. தி. ஜானகிராமனைப் படித்துவிட்டு ஒரு வெளிநாட்டுக்காரர் ‘தஞ்சாவூர்க்காரர்களின் காபி பழக்கம்’ என்று குறிப்பெழுதினால் நாம் சிரிக்க மாட்டோமா? அதைத்தான் நான் செய்திருந்தேன்.

நாவல் சமூகத்தின் கண்ணாடி என்று சொல்லிச் சொல்லி நமக்குப் பழகிவிட்டது. ஆனால் கண்ணாடியை ஒருவர் கையில் பிடித்திருக்கிறார். எந்தப் பக்கம் திருப்புவது என்று அவர்தான் முடிவு செய்கிறார். வீட்டில் யாராவது பார்த்துவிடுவார்கள் என்று பயந்து சில பக்கம் திருப்பாமலும் விடுகிறார். இதை எனக்குப் புரிய வைத்தது மரியாமா பாவின் ‘இவ்வளவு நீண்ட கடிதம்’. செனகல் நாட்டில் பிரெஞ்சு மொழியில் 1979ல் வந்தது. ஆப்பிரிக்கப் பதிப்புலகத்துக்கான நோமா விருது 1980ல் முதன்முதலாகக் கொடுக்கப்பட்டபோது இந்த நாவலுக்குத்தான் கிடைத்தது. அடுத்த வருஷமே பா இறந்துபோனார். நான் படித்தது ஆங்கிலத்தில்.

கதை இதுதான். ரமத்துலாயி என்ற பள்ளி ஆசிரியையின் கணவன் மாரடைப்பில் இறந்துவிடுகிறான். அவள் இத்தா இருக்கிறாள். அந்த அடைப்பில் இருந்தபடி, அமெரிக்காவில் இருக்கும் தோழி அய்சத்துவுக்கு எழுதும் கடிதம்தான் நாவல். பன்னிரண்டு பிள்ளைகளைப் பெற்ற பிறகு, தன் மகளுடைய தோழியையே கணவன் இரண்டாம் தாரமாகக் கட்டிக்கொண்டதை எழுதுகிறாள். துக்கம் கேட்க வந்தவர்கள் கொடுத்த பணம் நாத்தனார்கள் கைக்குப் போனதை எழுதுகிறாள். நாற்பதாம் நாள் கழிந்ததும் கணவனின் அண்ணன் வந்து ‘உன்னை நான் கட்டிக்கொள்கிறேன்’ என்று சொல்ல, அத்தனை வருஷம் அடக்கியதையெல்லாம் அவன் முகத்துக்கு நேரே கொட்டுகிறாள்.

அதில் ஒரு சொல் என்னை நிறுத்தியது: மிராஸ். காவிரிக் கரையில் பிறந்தவனுக்கு மிராசு என்றால் நிலம், மிராசுதார் என்றால் பண்ணையார். இரண்டும் ஒரே அரபு வேர்தான், வாரிசுரிமை என்று பொருள். அந்த நாவலில் மிராஸ் என்பது செத்தவனின் கணக்கைக் குடும்பத்தின் முன்னால் பிரித்து வைக்கும் சடங்கு. பிரித்தால், இரண்டாம் மனைவிக்குக் கொடுத்த வீடு, முதல் மனைவி குடியிருக்கும் வீட்டை அடமானம் வைத்து வாங்கியது என்று தெரிகிறது. அந்த முதல் வீடு இருவரும் சேர்ந்து சேமித்து வாங்கியது. அதன் பிறகு ரமத்துலாயியும் அதே சடங்கைத்தான் செய்கிறாள். சொத்தை விட்டுவிட்டு அவனுடைய வாழ்க்கையையே கணக்கெடுக்கிறாள். சமூகத்தின் ஒரு வழக்கத்தையே நாவலின் வடிவமாக மாற்றிவிட்டார் பா. ‘செனகலில் இப்படி ஒரு சடங்கு உண்டு’ என்று நோட்டில் எழுதி மூடிவிட்டால் இது கையில் சிக்காது.

இனி நாகூருக்கு வருகிறேன்.

எங்கள் ஊரில் 1938லேயே ஒரு பெண் நாவல் எழுதிவிட்டார். சித்தி ஜுனைதா பேகம். 1917ல் பிறந்தவர், பள்ளிப் படிப்பு மூன்றாம் வகுப்புதான். சின்ன வயதில் கல்யாணம், சின்ன வயதிலேயே விதவை. அவருடைய ‘காதலா? கடமையா?’ நாவலுக்கு உ.வே. சாமிநாதையரே மதிப்புரை எழுதியிருக்கிறார். தமிழில் நாவல் எழுதிய முதல் முஸ்லிம் பெண் என்று இவரைத்தான் சொல்கிறார்கள்.

இளம் வயதில் இத்தா இருந்து எழுந்த ஒரு பெண். அவர் நாவலில் அந்த அறை இருக்கும் என்றுதானே எதிர்பார்ப்போம்? அதில் இருப்பது அரசர், அரியணை, காதலுக்கும் கடமைக்கும் நடுவே மாட்டிக்கொண்ட மனிதன். அலங்காரவாசல் தெரு இல்லை. சபர் போன கணவனுக்காகக் காத்திருக்கும் வீடுகள் இல்லை.

ரொம்ப நாள் இதை ஒரு குறையாகத்தான் நினைத்திருந்தேன். ஆனால் என் தொழிலில் ஒரு பாடம் உண்டு. லாக் கோப்பில் இருக்கும் வரிகளைவிட, வந்திருக்க வேண்டியது வராமல் போன வரிதான் சில சமயம் கோளாறு எங்கே என்று காட்டும். அவருடைய மற்ற படைப்புகளின் தலைப்புகளை வரிசையாக வைத்துப் பாருங்கள். ஒன்று ‘ஹலிமா அல்லது கற்பின் மாட்சி’. இன்னொன்று ‘வனஜா அல்லது கணவனின் கொடுமை’. ஹலிமாவுக்குக் கற்பின் மாட்சி, வனஜாவுக்குக் கணவனின் கொடுமை! இரண்டு தலைப்பை வைத்துப் பெரிய முடிவுக்கு வரக் கூடாதுதான். ஆனாலும், கொடுமையைச் சொல்ல வேண்டிய இடத்தில் பேர் பக்கத்து வீட்டுப் பேராகிவிடுகிறது என்பதைக் கவனிக்காமல் இருக்க முடியவில்லை. ‘இஸ்லாமும் பெண்களும்’ என்று நேராகவே நூல் எழுதியவர் அவர். தைரியம் இல்லாதவர் என்று யாரும் சொல்ல முடியாது.

அப்படியானால் பாவுக்கு முடிந்தது இவருக்கு ஏன் முடியவில்லை? நாற்பது வருஷ இடைவெளி ஒரு காரணம். பாவுக்கு ஆசிரியைச் சம்பளம் இருந்தது, அது இன்னொரு காரணம். மூன்றாவதாக, நாம் அதிகம் பேசாதது, மொழி. பா எழுதியது பிரெஞ்சில். அன்றைய செனகலில் பிரெஞ்சு வாசிக்கத் தெரிந்தவர்கள் சிறுபான்மை. ஜுனைதா பேகம் எழுதியது தமிழில். மாமியாரும் கொழுந்தனும் பள்ளிவாசல் ஜமாஅத்தும் எழுத்துக்கூட்டியாவது படித்துவிடக்கூடிய மொழி.

தாய்மொழியில் எழுது என்று நமக்குச் சொல்லிக்கொடுத்த கூகியின் வாழ்க்கையே இதற்குச் சாட்சி. 1977 ஜூலையில் கென்ய ஆட்சியாளர்களைக் கடுமையாகச் சாடும் ஆங்கில நாவல் ஒன்றை வெளியிட்டார். கைது எதுவும் இல்லை. அதே வருஷம் கமிரீது கிராமத்து மக்களோடு சேர்ந்து கிகுயு மொழியில் நாடகம் போட்டார். நாடகம் தடை செய்யப்பட்டது, டிசம்பர் 31ல் அவரையும் பிடித்துக்கொண்டு போனார்கள். சிறையில் கழிப்பறைக் காகிதத்தில் அவர் எழுதியதுதான், ‘சிலுவையில் தொங்கும் சாத்தான்’ என்று நாம் தமிழில் படிக்கும் நாவல். தாய்மொழியில் எழுதினால் பக்கத்து வீட்டுக்காரனும் படிப்பான். அதன் பலம் அதுதான், அதற்குக் கொடுக்கும் விலையும் அதுதான்.

பாவின் பாதுகாப்பும் இலவசமாகக் கிடைத்ததல்ல. ரமத்துலாயியின் பக்கத்து வீட்டில் ஃபார்மத்தா என்று ஒரு பெண் வருகிறாள். பாணர் குலத்தவள், ஊர்ச் செய்தியெல்லாம் கொண்டு வருபவள். அவளுடைய உள்மனதை நாவல் திறப்பதில்லை. அந்த நாவலைப் படிக்கும் வாய்ப்பும் அவளைப் போன்றவர்களுக்கு அனேகமாக இருந்திருக்காது. யாரைப் பற்றி எழுதினோமோ அவர்களில் பாதிப் பேருக்கு எட்டாத மொழியில் இருந்ததால்தான் அது அவ்வளவு சுதந்திரமாக எழுதப்பட்டதோ என்று தோன்றுகிறது.

தமிழில் வீட்டுக்குள்ளேயே கண்ணாடியைத் திருப்ப 2004 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. சல்மாவின் ‘இரண்டாம் ஜாமங்களின் கதை’. அவரும் புனைபெயரில், வீட்டாருக்குத் தெரியாமல் எழுதித்தான் தொடங்கினார்.

இதை எழுதும்போது ஒரு சங்கடமும் இருக்கிறது. நான் ஏழாம் வகுப்புப் படிக்கும்போது பெரியம்மா இத்தா இருந்தார்கள். தங்கச்சி மகன் என்பதால் அந்த அறைக்குள் போக எனக்குத் தடையில்லை. நாலு மாதம் பத்து நாள் சாப்பாடும் வெற்றிலையும் கொண்டுபோய்க் கொடுத்தது நான்தான். நாகூர் தர்காவின் பெரிய மினாரா 131 அடி என்றும், அதைக் கட்டியவர் தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாப் சிங் என்றும் தேடித் தேடிக் குறித்து வைத்தவன், அந்த அறையில் அவர்கள் என்ன நினைத்துக்கொண்டிருந்தார்கள் என்று முப்பது வருஷமாக ஒரு தடவைகூடக் கேட்கவில்லை.

பாவின் நாவலை முடித்த அன்று இரவு போன் போட்டேன். பெரியம்மாவுக்கு இப்போது எண்பதைத் தாண்டிவிட்டது.

“அந்த நாலு மாசம் எப்படி இருந்துச்சு பெரியம்மா?”

கொஞ்ச நேரம் பேச்சே இல்லை. “இப்ப எதுக்கு அது? எழுதப் போறியா?”

“தெரியல. கேக்கணும்னு தோணுச்சு.”

அப்புறம் முக்கால் மணி நேரம் பேசினார்கள். பெரியப்பாவைப் பற்றி, வீட்டுப் பத்திரத்தைப் பற்றி, யார் யார் என்னென்ன சொன்னார்கள் என்பதைப் பற்றி. வைக்கும்போது ஒன்று சொன்னார்கள்.

“எழுதுறதா இருந்தா வேற பேரு போட்டு எழுது வாப்பா. ஊரும் வேற ஊரா போட்டுக்க.”

வனஜா ஏன் வனஜா ஆனாள் என்று அப்போது எனக்குப் புரிந்தது. பெரியம்மா சொன்னது எதையும் இங்கே எழுதவில்லை. ‘காதலா? கடமையா?’வைத் திரும்ப எடுத்து வைத்திருக்கிறேன். இந்த முறை அந்த அரண்மனைக்குள் நாகூர் வீடு எங்கே ஒளிந்திருக்கிறது என்று தேடிப் படிக்க வேண்டும்.