கோலமும் குரலும்

பாடுவோர்க்கும் ஆடுவோர்க்கும் கோலம் புறப்பொருளன்று. கடலாடு காதையில் மாதவி பூண்ட அணிகளை இளங்கோவடிகள் ஒவ்வொன்றாக எண்ணிச் செல்வதைத் தமிழாசிரியர் அறிவர். அதனினும் நுட்பமானது வேட்டுவ வரி. எயினர் தம் குலக்குமரியைக் கொற்றவையாக ஒப்பனை செய்யுங்கால் பன்றிக் கொம்பைப் பிறையாக்கினர், புலிப்பல்லைத் தாலியாக்கினர், புலித்தோலை மேகலையாக்கினர். தம் தொழிலிற் கிடைத்ததே அவர்தம் கோலம்.

அங்ஙனமாயின், நாட்டுப்பாடகன் என்றும் தன் தொழிலுடையிலேயே நிற்றல் வேண்டுமோ? திரைப்படங்கள் ஏறக்குறைய அவ்வாறே விதித்துவிட்டன: கானா பாடுவோன் எனில் கைலி, கழுத்தில் ஒரு கைக்குட்டை. இவ்விதியை மீறியவர், சென்னையில் 2018 சனவரியில் முதன்முறை மேடையேறிய ‘கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ குழுவினர். பா. இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் தென்மாவும் கூட்டிய அக்குழுவினர், சாம்பல்நிறக் கோட்டுடையில் நின்று, பறை ஒலிக்கக் கானா பாடினர். சென்னை வெயிலுக்கு அது தகுமா என்பது வேறு. மார்கழி மாலையாதலின் பிழைத்தனர்! அம்பேத்கரின் படத்தைக் கண்டார்க்கு அவ்வுடையின் பொருளை உரைத்தல் வேண்டா. உழைப்போன் உடையைக் கழற்றியதே ஈண்டுக் கோலமாயிற்று.

அமெரிக்க நாட்டிசைப் பாடகர் ஜானி கேஷ், தாம் கறுப்புடை அணிவது வறியோர்க்கும் சிறைப்பட்டோர்க்குமாக என்று 1971இல் பாட்டாகவே கூறினார். காரணமுள்ள கோலம் எளிதில் பழையதாவதில்லை.

எனினும் கோலத்தைப் பாடகன் ஒருவனே ஆள்வதில்லை. அக்குழுவிற் பாடிய அறிவு, இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்த தம் பாட்டியை நினைந்து எழுதிய ‘எஞ்சாயி எஞ்சாமி’ 2021இல் உலகெங்கும் பரவிற்று. அவ்வாண்டு ஆகஸ்டில் ‘ரோலிங் ஸ்டோன் இந்தியா’ அட்டையில் தீயும் ஷான் வின்சென்ட் டி பாலும் இடம்பெற்றனர், அறிவு இல்லை. இரஞ்சித் கண்டித்தார். பின்னரே மின்பதிப்பின் அட்டையில் அறிவின் முகம் வந்தது. சொல் ஒருவருடையது, முகம் பிறருடையது என்னும் வழக்கம் தோட்டத்து மக்கள் அறியாததன்று.

இந்நோக்கில் நம் கிள்ளான் பள்ளத்தாக்கின் உறுமி மேள இளைஞரைக் காண்க. பத்துமலைத் தைப்பூசத்தில் ஒரே நிறச் சட்டையும், முதுகில் குழுவின் பெயருமாக அணிவகுக்கின்றனர். ஒழுங்கு அழகே. ஆயினும் ஒரு குழுவின் சட்டையை மற்றொன்று அணிந்தாலும் வேறுபாடு தோன்றாது. உறுமி நகரத்தில் முளைத்ததன்று. தோட்டத்துக் கோயில்களில் முழங்கியது. அத்தோட்டங்கள் பலவும் இன்று வீடமைப்புப் பகுதிகள். பால்வெட்டுக் கத்தியோ, மங்கோ, மறைந்த ஒரு தோட்டத்தின் பெயரோ அச்சட்டைகளில் ஏறுமாயின், அதனை எயினரின் புலிப்பல்லோடு ஒருங்கு வைத்து எண்ணலாம்.