ஒரு முகம், இரு பொருள்: றூடோல்ப் ஹ்ருஷின்ஸ்கியின் நடிப்பு

நடிப்பென்பது முகத்தைப் பலவாறு மாற்றிக் காட்டும் வித்தையென்றே பலர் கருதுவர். முகத்தை மாற்றாது அதன் பொருளை மாற்றுதலும் நடிப்பேயாம், அஃது அரிது. செக் நாட்டுப் பெருநடிகர் றூடோல்ப் ஹ்ருஷின்ஸ்கி (1920–1994) இவ்வரிய நெறியில் வல்லவர் என்பதே எமது துணிபு.

நாடகக் குடும்பத்திற் பிறந்த இவர், 1960 முதல் பிராக் நகரத்துத் தேசிய நாடக அரங்கிற் பணிபுரிந்தார். எனினும், அவரது புகழை நாடெங்கும் பரப்பியது யரொஸ்லாவ் ஹாஷெக்கின் நாவலைத் தழுவி 1957இல் வெளிவந்த ஷ்வேக் திரைப்படமேயாகும். இட்ட கட்டளையனைத்தையும் புன்முறுவலுடன் ஏற்று, அக்கட்டளைகளின் மடமையை வெளிப்படுத்தும் எளிய போர்வீரன் ஷ்வேக். நாவலின் கூரிய அங்கதம் படத்திற் சற்று மழுங்கியதென்பது உண்மையே. ஆயினும், அச்சாந்த முகம் அதிகாரத்துக்கெதிரான கேடயமாய் நின்றது.

1969இல் வெளியான, யுராய் ஹெர்ஸ் நெறிப்படுத்திய 'பிணம் எரிப்பவன்' என்னும் படத்தில், அம்முகமே கொடுமையின் உறைவிடமாகின்றது. சுடலைப் பணியாளன் கொப்விர்க்கிங்கல் மென்குரலினன், குடும்பப் பற்றுடையவன். பிணத்தின் தலையை வாரிய சீப்பினாலே தன் தலையையும் வாரிக்கொள்பவன். திபெத்திய மறுபிறப்புக் கொள்கையைத் தன் விருப்பிற்கேற்பத் திரித்து, எரித்தல் ஆன்மாவை விடுவிக்கும் அறமென நம்புகின்றான். நாசிகளின் சொற்கேட்டு, யூதக் கலப்புடைய தன் மனைவியையும் மகனையும் கொல்லும்போதும் அக்குரல் உயர்வதில்லை, முகம் கோணுவதில்லை. கண்களை உருட்டிக் கொடியவனாய்த் தோன்றியிருப்பின், அவன் நமக்கு அந்நியன் என ஆறுதல் அடைந்திருப்போம். அவ்வாறுதலை நமக்கு மறுத்ததே ஹ்ருஷின்ஸ்கியின் வெற்றி. பணிவு கேடயமுமாகலாம், கொலைக்கருவியுமாகலாம் என்னும் உண்மையை இவ்விரு பாத்திரங்களும் ஒருங்கே உணர்த்துகின்றன.

பணிவதா, மறுப்பதா என்னும் வினா அவர் வாழ்விலும் எழுந்தது. 1968இல் சீர்திருத்தம் வேண்டி வெளியான 'இரண்டாயிரம் சொற்கள்' என்னும் அறிக்கையில் அவர் ஒப்பமிட்டார். அவ்வாண்டு ஆகஸ்டிற் சோவியத் படைகள் புகுந்தபின், சில ஆண்டுகள் திரைப்படவாய்ப்பு அவருக்கு மறுக்கப்பட்டது. 'பிணம் எரிப்பவன்' படமும் 1989 வரை முடக்கப்பட்டிருந்தது. மீண்டு வந்தபோது அவர் கலை வற்றவில்லை. யிரி மென்செல் 1985இல் எடுத்த 'என் இனிய சிற்றூர்' படத்தில், கவிதையில் தோய்ந்து மோட்டார் வண்டியை எங்கேனும் மோதிவிடும் கிராம வைத்தியராக அவர் தோன்றுகையில், அப்பழைய சாந்தம் கனிந்த அன்பாகின்றது. 1990இற் பாராளுமன்ற உறுப்பினராகவும் தெரிவானார்.

முகம் ஒன்றே, அதனுள் உறையும் மனமே வேறு. அதனைக் கூர்ந்து காணும் பொறுப்பைப் பார்ப்போரிடமே விட்டுச் சென்றார் இக்கலைஞர்.