களமும் சீருடையும்: நகானே சியேயின் சமூகக் கோட்பாடு – ஒரு மதிப்பீடு

இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய ஜப்பானியச் சமூகத்தை விளக்கிய நூல்களுள், மானிடவியலறிஞர் நகானே சியே 1967இல் வெளியிட்ட செங்குத்துச் சமூகம் பற்றிய நூல் குறிப்பிடத்தக்கது. 1950களில் இந்தியாவில் களப்பணியாற்றிக் காரோ, காசி மக்களை ஆராய்ந்தவர் அவர். மக்கள் குழுவாகச் சேர்வதற்குத் 'தகுதி', 'களம்' என இரு அடிப்படைகளை அவர் வகுக்கிறார். பிறப்பு, தொழில் முதலியன தகுதி. ஒரே இல்லம், ஒரே நிறுவனம் முதலியன களம். சாதியை முதன்மையாகக் கொண்ட இந்தியா முன்னதற்கும் ஜப்பான் பின்னதற்கும் எடுத்துக்காட்டுகள் என்பது அவர் கருத்து. ஜப்பானியர் தம் பணியிடத்தையும் இல்லத்தைக் குறிக்கும் 'உச்சி' என்னும் சொல்லாலேயே சுட்டுவதை அவர் சான்றாகக் காட்டுகிறார். 'இயே' என்னும் பழைய குடும்ப அமைப்பின் உணர்வே நிறுவனங்களில் தொடர்கிறது என்பது இதன்வழி அவர் காணும் முடிவு.

இக்கோட்பாட்டின்படி சீருடை களத்தின் புற அடையாளமாகிறது. எனினும் அதன் வரலாறு இவ்விளக்கத்துள் முழுமையாக அடங்குவதில்லை. மாணவரின் நிமிர்ந்த கழுத்துப்பட்டை உடை ஐரோப்பியப் படையுடையைத் தழுவியது. தோக்கியோவின் பேரரசுப் பல்கலைக்கழகம் 1886இல் அதனை ஏற்றது. மாணவியரின் கடற்படைப் பாணி உடை 1920களில் பரவியது. 1940இல் ஆடவர்க்கெனத் 'தேசிய உடை' அரசாணையால் வகுக்கப்பட்டது. 1970ஐ ஒட்டிய ஆண்டுகளில் மாணவர் போராட்டங்களின் விளைவாக உயர்நிலைப் பள்ளிகள் சில சீருடையைக் கைவிட்டன. பிற்காலத்தில், கட்டாயமில்லாத பள்ளிகளின் மாணவியருள் சிலர் சீருடை போன்ற உடையைத் தாமே விரும்பி அணியலாயினர். ஆணையால் வந்ததையும் எதிர்ப்பால் நீங்கியதையும் விருப்பத்தால் மீண்டதையும் 'களம்' என்னும் ஒரே கருத்தாக்கம் வேறுபடுத்திக் காட்டுவதில்லை.

குடும்பத்தின் நிலையும் இத்தகையதே. 1898ஆம் ஆண்டின் குடிமையியல் சட்டம் குடும்பத் தலைவருக்கு அளித்திருந்த அதிகாரங்களை 1947ஆம் ஆண்டுத் திருத்தம் நீக்கியது. ஆயினும் கணவனும் மனைவியும் ஒரே குடும்பப்பெயரைக் கொள்ளவேண்டும் என்னும் விதி நிலைத்தது. இருவருள் எவர் பெயரையும் கொள்ளலாம் எனினும், 100க்கு 90க்கும் மேற்பட்ட இணையர் கணவன் பெயரையே ஏற்கின்றனர். இப்பெயரையும் ஒருவகைச் சீருடை எனலாம். இதனைத் தொன்மரபாகக் கொள்வதற்கில்லை. 1876ஆம் ஆண்டின் அரசாணை, மனைவி பிறந்த வீட்டுப் பெயரையே வழங்குமாறு பணித்தது. இவ்விதியை 2015இலும் 2021இலும் உச்ச நீதிமன்றம் செல்லுபடியாகும் எனத் தீர்ப்பளித்தபோதும் அதன்மீதான விவாதம் ஓயவில்லை.

தேசிய குணம் என்னும் தெளிவற்ற விளக்கத்தை விடுத்துக் குழு அமைப்பை ஆராய்ந்தது நகானேயின் சிறப்பு. சொல்லின் நிலைபேற்றை மரபின் நிலைபேறாகக் கொண்டதே அவர் ஆய்வின் குறை. கணவனைக் குறிக்கும் 'ஷுஜின்' என்பதன் பொருள் தலைவன். மனைவியைக் குறிக்கும் 'கனாய்' என்பதன் பொருள் வீட்டினுள் இருப்பவள். சட்டம் தலைமையை நீக்கிய பின்னரும் இச்சொற்கள் வழங்கின. இன்று அவற்றைத் தவிர்ப்போரும் உளர். பொருள் மாறிய பின்னும் சொல் நிற்கக்கூடும். எனவே 'உச்சி' என்னும் வழக்கு ஒன்றே 'இயே'யின் தொடர்ச்சிக்குச் சான்றாகாது. அச்சொல்லை யார், எவ்விடத்து, எக்கட்டாயத்தால் வழங்கினர் என்பதையும் ஆராய்ந்த பின்னரே அம்முடிவு நிலைபெறும்.