வேன்காரர் பில்லில் இருபது சதவீதம்

பான் எண் தராதவருக்குக் கொடுக்கும் தொகையில் குறைந்தது 20 சதவீதம் வரி பிடிக்க வேண்டும் என்ற விதி 2010 ஏப்ரல் 1 முதல் நடப்பில் இருக்கிறது. 1961ஆம் ஆண்டு வருமான வரிச் சட்டத்தில் அது 206ஏஏ பிரிவு. 2025ஆம் ஆண்டின் புதிய சட்டமும் பிரிவு எண்ணை மாற்றிவிட்டு, இருபதை அப்படியே வைத்துக்கொண்டது. பெருநகர ஆடிட்டருக்கு இது சில்லறை விவகாரம். ராமநாதபுரம் கடற்கரையில் அப்படிச் சொல்லிவிட முடியாது.

இங்கே மாதச் சம்பளக்காரர்கள் குறைவு. விசைப்படகில் கடலுக்குப் போகிறவருக்குப் பங்கு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையான தடைக்காலத்தில் படகு மராமத்துப் பார்க்கும் தச்சருக்கும் பெயின்டருக்கும் பேசிய கூலி. கூலி கொடுக்கும் படகு உரிமையாளர் தனிநபர். முந்தைய ஆண்டு வியாபாரம் ஒரு கோடி ரூபாயைத் தாண்டாதவரை அவர் வரி பிடிக்க வேண்டியதில்லை. ஆகவே கையில் காசு வாங்குகிற வரைக்கும் தச்சருக்குச் சட்டத்தோடு பேச்சில்லை. அவரே ஓர் ஏற்றுமதி நிறுவனத்துக்கோ அரசு அலுவலகத்துக்கோ பெரிய லாட்ஜுக்கோ பில் போடும் நாளில்தான் பான் கேள்வி வருகிறது.

பான் இருந்தால் சிக்கல் இல்லை. ஒரே பில் 30,000 ரூபாயையோ, ஆண்டு மொத்தம் ஒரு லட்சத்தையோ தாண்டினால் தனிநபர் ஒப்பந்தக்காரரிடம் ஒரு சதவீதம் பிடிப்பார்கள். இந்த ஒரு சதவீதத்தை நான் ஆதரிக்கிறேன். பிடித்த தொகை வருமான வரித் துறையின் பதிவில் அவர் பெயரில் ஏறுகிறது. வரி வரம்புக்குள் வராதவர் கணக்குத் தாக்கல் செய்து திரும்பப் பெறலாம். அதைவிட முக்கியம், தொழிலுக்குக் கடன் கேட்கப் போகும்போது வங்கி மேலாளர் முன்னால் வைக்க வருமானத்துக்கு ஒரு சான்று கிடைக்கிறது. அமெரிக்காவில் ஒப்பந்தக்காரரிடம் பொதுவாக எதுவும் பிடிப்பதில்லை. அவர் டபிள்யூ-9 படிவத்தில் சரியான வரி எண்ணை எழுதித் தராவிட்டால்தான் 24 சதவீதம். நம் முறையில் தொடக்கத்திலிருந்தே ஒரு சிறு தடம் பதிகிறது. சிறு தொழிலாளிக்கு அது லாபம்தான்.

கோளாறு இருபதில் இருக்கிறது. பாம்பன், தனுஷ்கோடி என்று யாத்ரீகர்களைச் சுற்றிக்காட்டிய வேன்காரர் ஒரு பெரிய லாட்ஜுக்கு 60,000 ரூபாய்க்கு பில் போடுகிறார் என்று வையுங்கள். பான் இருந்தால் பிடித்தம் 600, இல்லாவிட்டால் 12,000. இது லாபத்தில் பிடிப்பதல்ல, மொத்த பில்லில் பிடிப்பது. டீசலும் டிரைவர் பேட்டாவும் போனபின் அவர் கையில் 12,000 மிஞ்சியிருக்குமா என்பதே சந்தேகம். பிடித்ததும் யார் பெயரிலும் ஏறாது. பின்னால் பான் வாங்கினாலும், பிடித்தவர் திருத்தக் கணக்குத் தாக்கல் செய்தால்தான் வரவாகும். அதற்காக லாட்ஜ் கணக்காளரின் பின்னால் அலைய அவருக்கு நேரம் ஏது? அடுத்த முறை, "பில் வேண்டாம், ரொக்கமாகக் குடுங்க" என்பார். கணக்குக்குள் கொண்டுவர வந்த விதி ஆளைக் கணக்குக்கு வெளியே அனுப்புகிறது.

(மீன் ஏற்றும் வண்டிக்காரர் பத்து வண்டிக்குள் வைத்திருந்து பானுடன் உறுதிமொழி கொடுத்தால் பிடித்தமே கிடையாது. அந்தச் சலுகை சரக்கு வண்டிக்கு மட்டும். மீனுக்கு உள்ளது யாத்ரீகருக்கு இல்லை.)

பான் வாங்காதது அவர் தப்புதானே, ஆதார் இருந்தால் இ-பான் இலவசமாகக் கிடைக்கிறதே என்று கேட்கலாம். நியாயம்தான். ஆனால் பான் வைத்திருப்பவரும் தப்பவில்லை. 2023 ஜூலை 1 முதல் ஆதாருடன் இணைக்காத பான் செயலிழக்கிறது. அதற்கும் இதே உயர் விகிதம். நம் ஊர்ப் பெயர்கள் இங்கே மாட்டிக்கொள்கின்றன. ஆதாரில் பெயரும் ஒற்றை இனிஷியலும் இருக்கும். பான் விண்ணப்பமோ இனிஷியலை ஏற்காது. அப்பா பெயரை விரித்துக் குடும்பப்பெயராகப் போடச் சொல்லும். தங்கச்சிமடத்து மீனவர் ஆனாலும் கீழக்கரை வியாபாரி ஆனாலும் இரண்டு அட்டையிலும் பெயர் ஒத்துப்போவது அதிர்ஷ்டம். பெயர் ஒவ்வாமல் இணைப்பு தள்ளுபடியாகும். இ-சேவை மையத்துக்கு நடை. தாமதத்துக்கு 1,000 ரூபாய் கட்டணம்.

இதை அரசும் ஓரளவு உணர்ந்திருக்கிறது. 2025 ஆகஸ்ட் 1 முதல் கொடுக்கப்படும் தொகைக்கு, அந்த மாதம் முடிந்து இரண்டு மாதத்துக்குள் பான் உயிர்பெற்றால் பிடித்தவர்மேல் பொறுப்பு சுமத்துவதில்லை என நேரடி வரிகள் வாரியம் 2025 ஜூலையில் சுற்றறிக்கை விட்டது. நல்ல ஏற்பாடு, ஆனால் சுற்றறிக்கைதான். பானே இல்லாதவருக்கு அதில் இடமில்லை. வரிக்கு உட்படாத சிறு வருமானக்காரர்மேல் 206ஏஏ பாயக்கூடாது என்று கர்நாடக உயர்நீதிமன்றம் 2012இல் சொன்னதும் வைப்புநிதி வட்டி வழக்கில்தான். ஒப்பந்தக் கூலிக்காரரை நினைத்தல்ல.

எனக்கு உறுத்துவது இன்னொன்று. 50 லட்சத்துக்கு மேல் பெரிய நிறுவனத்துக்குச் சரக்கு விற்பவர் பான் தராவிட்டால் 5 சதவீதம்தான். வேலை செய்து பில் போடுபவருக்கு மட்டும் 20. இந்த வேறுபாட்டுக்கு நியாயம் சொல்ல முடியாது. கூலிக்கும் ஐந்தாகக் குறைத்து, இரண்டு மாத அவகாசத்தைப் பான் இல்லாதவருக்கும் சேர்த்துச் சட்டத்திலேயே எழுத வேண்டும். அதுவரை, பில் போடுமுன் வருமான வரித் தளத்தில் உங்கள் பான் இணைப்பு நிலையை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.