சம்பளச் சீட்டு இல்லாத சாவு

2022ஆம் ஆண்டில் இந்தியச் சாலை விபத்துகளில் 1,68,491 பேர் இறந்தார்கள். தமிழ்நாட்டில் மட்டும் 17,884 பேர். அந்தக் குடும்பங்களுக்குரிய இழப்பீட்டை முடிவுசெய்வது மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம். அங்கே கையாளப்படும் கணக்கு நியாயமானதா? கணக்கில் பெரிய பழுதில்லை. அதில் போடப்படும் வருமானத்தில்தான் கோளாறு என்பது என் மதிப்பீடு.

கணக்கின் நிறையை முதலில் சொல்லிவிட வேண்டும். ஒரே வயது, ஒரே வருமானம் என்றாலும் தீர்ப்பாயத்துக்குத் தீர்ப்பாயம் தொகை மாறிய காலம் உண்டு. 2009இல் சரளா வர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் வயதுவாரியாகப் பெருக்கெண் அட்டவணை தந்து அதை ஒழுங்குபடுத்தியது. 2017இல் பிரணய் சேத்தி வழக்கின் அரசியல் சாசன அமர்வு, நிரந்தர வேலை இல்லாதவருக்கும் எதிர்கால வருமான உயர்வைச் சேர்க்கச் சொன்னது. இரண்டுமே ஏழைக் குடும்பங்களுக்கு நன்மை செய்தவை.

ஒரு கணக்கைப் போட்டே பார்ப்போம். இறந்தவர் 34 வயதுக் கொத்தனார். அவரை நம்பி மனைவி, இரு பிள்ளைகள், தாயார். மாதம் 20,000 ரூபாய் சம்பாதித்தார் என்று வைத்துக்கொள்வோம். எதிர்கால உயர்வு 40 சதவீதம் சேர்த்தால் 28,000. அவருடைய சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழித்தால் 21,000. ஆண்டுக்கு 2,52,000. அந்த வயதுக்குப் பெருக்கெண் 16. ஆக 40,32,000 ரூபாய்.

ஆனால் அவருடைய கூலிக்குச் சாட்சி மேஸ்திரியின் பாக்கெட் நோட்டு மட்டும். காப்பீட்டு நிறுவன வக்கீல் குறுக்கு விசாரணையில் “வருமானத்துக்கு ஆவணம் இருக்கிறதா?” என்று கேட்டால் மனைவி என்ன சொல்வார்? நல வாரிய அட்டை தொழிலைக் காட்டும், கூலியைக் காட்டாது. தீர்ப்பாயம் உத்தேசமாக 12,000 என்று வைத்தால் தொகை 24,19,200க்கு இறங்கிவிடும். மாத வருமானத்தில் குறையும் ஒவ்வோர் ஆயிரத்துக்கும் குடும்பம் இழப்பது 2,01,600 ரூபாய். மாதச் சம்பளக்காரர் குடும்பத்துக்கு இந்தச் சிக்கலே இல்லை; சம்பளச் சீட்டை நீட்டினால் போதும்.

பொய்க் கணக்கு காட்டுவார்கள் என்பது காப்பீட்டுத் தரப்பின் வாதம். போலி விபத்து வழக்குகள் நடப்பது உண்மைதான். அதற்கு மருந்து விசாரணை. எல்லாக் கூலிக்காரரையும் சந்தேகிப்பது அன்று. எல்லா உயிருக்கும் ஒரே தொகை என்ற வாதத்தையும் நான் ஏற்கவில்லை. குடும்பம் இழந்த வருவாயை ஈடுகட்டுவதே சட்டத்தின் நோக்கம். ஒரே தொகை என்று வந்தால் அது குறைந்த தொகையாகத்தான் வரும்.

மோட்டார் வாகனச் சட்டத்திலேயே முரண்களும் உண்டு. இடித்த வண்டி தெரிந்தால், யார் தவறு என்று நிரூபிக்காமலே 164ஆம் பிரிவில் 5 லட்சம் கேட்கலாம். வண்டி நிற்காமல் ஓடிவிட்டால் 2 லட்சம்தான். நம்பர் பிளேட்டை யாரும் பார்க்கவில்லை என்பதற்காக அந்தக் குடும்பத்துக்கு 3 லட்சம் ஏன் குறைய வேண்டும்?

இன்னொன்று கெடு. 2022 ஏப்ரல் முதல், விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனுப்போட வேண்டும். பிரேதப் பரிசோதனை அறிக்கை, வாரிசுச் சான்றிதழ் என்று அலைவதிலேயே அந்த ஆறு மாதம் ஓடிவிடும். காவல்துறை அனுப்பும் விபத்து அறிக்கையையே மனுவாகக் கொள்ள வேண்டும் என்று 166ஆம் பிரிவு சொல்கிறது. அதே பிரிவு கெடுவும் வைப்பது பொருந்தவில்லை. இந்தக் கெடு உச்ச நீதிமன்றத்தில் எதிர்க்கப்பட்டிருக்கிறது.

தீர்ப்பு வந்தபின்னும் அலைச்சல் ஓய்வதில்லை. 30 நாளில் பணம் கட்ட வேண்டும் என்பது சட்டம். அரசு வாகனங்களுக்குக் காப்பீட்டுக் கட்டாயத்திலிருந்து விலக்கு இருப்பதால், அரசுப் பேருந்து மோதிய வழக்கில் போக்குவரத்துக் கழகமே கட்டுகிறது. கட்டத் தவறினால் நிறைவேற்று மனு போட வேண்டும். நீதிமன்ற அமீனா பேருந்து நிலையத்துக்கு வந்து வண்டியை ஜப்தி செய்யும் செய்தி நம் நாளிதழ்களுக்குப் புதிதல்ல. அரசிடமிருந்தே இப்படித்தான் வசூலிக்க வேண்டுமென்றால் அந்த 30 நாளுக்கு என்ன பொருள்?

ஆகவே பெருக்கெண் முறை அப்படியே நிற்கட்டும். தொழில் நிரூபணமானால் அந்த ஊரில் அந்த வேலைக்கு நிலவும் கூலியையே வருமானமாகக் கொள்ள வேண்டும். இல்லை என்று மறுப்பவர் அதை நிரூபிக்கட்டும். ஆறு மாதக் கெடு நீங்க வேண்டும். ஓடிப்போன வண்டிக்கும் 5 லட்சம் என்றாக வேண்டும். இந்த மூன்றும் நடக்காதவரை, இழப்பீட்டுச் சட்டம் சம்பளச் சீட்டு உள்ளவர்களுக்கே முழுதாகப் பயன்படும் சட்டம்.