‘ஒலியியல் ரீதியாக’: ஒரு கலைச்சொல் வினையடையின் பொருளும் வழக்கும்

தமிழில் எழுதப்பெறும் மொழியியற் கட்டுரைகளில் ‘ஒலியியல் ரீதியாக’ என்னும் தொடர் பரவலாகக் காணப்படுகின்றது. ‘ஒலியியலாக’, ‘ஒலியியல் அடிப்படையில்’, ‘ஒலியியல் நோக்கில்’, ‘ஒலி நிலையில்’ என்பன அதன் மாற்று வடிவங்களாக வழங்குகின்றன. ஆங்கிலத்தின் ‘ஃபொனெட்டிக்கலி’ என்னும் வினையடைக்கு ஈடாக அமைந்த இத்தொடர், நாளடைவில் ‘ஃபொனீமிக்கலி’, ‘அக்கூஸ்டிக்கலி’ ஆகியவற்றின் இடத்தையும் தானே எடுத்துக்கொண்டது. கலைச்சொல் ஒன்று பொருள் விரிவு பெறுவது இயல்பே. ஆயினும், ஒன்றையொன்று மறுக்கும் பொருள்கள் ஒரே தொடரில் தங்கிவிடும்போது அது கலைச்சொல்லாக நின்று பயன்படுவதில்லை. அவ்விழப்பு எத்தகையது என்பதை இக்கட்டுரை ஆராய்கின்றது.

சிக்கலைக் காட்ட ஓர் ஊர்ப்பெயரே போதுமானது. மார்டள்ளி, கருநாடகத்தில் மாதேசுவரமலைக்கு அணித்தாக உள்ள ஊர். தமிழ் பேசுவோர் மிகுதியாக வாழ்வது. அது அடங்கிய கொள்ளேகால் பகுதி 1956 வரை கோயம்புத்தூர் மாவட்டத்தில் இருந்தது. பின்னர் மைசூர் மாவட்டத்திலும், 1997இல் மாவட்டம் பிரிக்கப்பட்டபின் சாமராசநகர் மாவட்டத்திலும் சேர்ந்தது. இவ்வூர்ப் பெயர் கன்னடத்தில் ரகர மெய்யை அடுத்து ஒலிப்பிலா டகரத்திற்குரிய எழுத்தால் எழுதப்படுகின்றது. அதனைத் தமிழில் ‘மார்டள்ளி’ என எழுதினால், எழுத்துக்கு எழுத்து சரியாக இருக்கும். ஆனால் தமிழ் மரபில் ரகர மெய்யை அடுத்து வரும் தனி வல்லினம் ஒலிப்புடை ஒலியாக நெகிழ்வது வழக்கம். மார்பு, மார்கழி, தேர்தல் ஆகிய சொற்களை ஒலித்துப் பார்த்தால் இது புலனாகும். எனவே ‘மார்டள்ளி’ என்று எழுதப்பட்டதைத் தமிழர் படிக்கும்போது கன்னட எழுத்து குறிக்கும் டகரம் அங்கே இராது. அவ்வொலியைக் காக்க வேண்டுமாயின் ‘மார்ட்டள்ளி’ என்று டகரத்தை இரட்டிக்க வேண்டும். அவ்வாறு எழுதின், கன்னடத்தில் இல்லாத ஓர் எழுத்து தமிழில் ஏறிவிடுகின்றது.

இவ்விரண்டனுள் எது ‘ஒலியியல் ரீதியாக’ எழுதப்பட்டது? முதல் வடிவத்தை ஆதரிப்பவரும் இத்தொடரையே ஆளலாம். இரண்டாம் வடிவத்தை ஆதரிப்பவரும் ஆளலாம். ஆங்கிலத்தில் இப்பெயர் டகரத்திற்குரிய எழுத்தை அடுத்து ஹகர எழுத்துச் சேர்ந்தும் சேராமலும் எழுதப்படுகின்றது. தமிழர் ஆங்கிலத்தில் எழுதும் பழக்கத்தில் அவ்வாறு ஹகரம் சேர்வது தகரத்தின் அடையாளமாகும். ஆகவே ஊரைப் பார்த்திராத ஒருவர் அதனை ‘மார்த்தள்ளி’ எனப் படிப்பார். பெங்களூரின் மாரத்தஹள்ளியோடு குழப்பிக்கொள்ளவும் கூடும்.

இத்தொடரின் பொருள்களைப் பிரித்தறிய எதிர்மறைச் சோதனை உதவுகின்றது. ‘அவர் அப்பெயரை ஒலியியல் ரீதியாக எழுதவில்லை’ என்னும் வாக்கியத்தில், எழுதியது உண்மை. எழுதிய முறையே மறுக்கப்படுகின்றது. இங்கு வினையடை வினையின் முறையை உணர்த்துவது, ‘எவ்வாறு?’ என்னும் வினாவிற்கு விடையாவது. ‘அவ்விரு ஒலிகளும் ஒலியியல் ரீதியாக வேறுபடவில்லை’ என்பதிலோ நிலைமை வேறு. வேறுபட்டன என்ற முற்கோள் இங்கு இல்லை. ஒலியியலைப் பொறுத்தவரை வேறுபாடு இல்லை என்பதே கூற்று, ‘எந்த நோக்கில்?’ என்பதே இதற்குரிய வினா. இரண்டாம் வாக்கியத்தில் வினையடையைத் தொடக்கத்திற்கு நகர்த்தினாலும் பொருள் மாறுவதில்லை. முதலாவதில் நகர்த்தினால் வாக்கியம் தடுமாறுகின்றது. மூன்றாவதாக, ‘இவ்வேறுபாடு ஒலியியல் ரீதியாக நிறுவப்பட்டது’ என்பது போன்ற வாக்கியங்களில் இத்தொடர் கருவிப்பொருள் தருகின்றது. அதாவது, ஒலிப்பதிவும் அளவீடும் கொண்டு நிறுவப்பட்டது என்று வாசகர் கொள்வர். இம்மூன்றாம் வகையே மிகுந்த கவனத்திற்குரியது. அளவீடு எதுவும் நிகழாத கட்டுரையிலும் இவ்வினையடை இடம்பெறின், நிகழாத ஆய்வுக்கு அது சான்றாகிவிடுகின்றது.

‘ரீதி’ என்பது வடசொல். வடமொழி அணியிலக்கணத்தில் நடையைக் குறிக்கும் கலைச்சொல். கன்னடத்தில் அது அன்றாடப் பேச்சில் ‘விதம்’ என்னும் பொருளில் இயல்பாக வழங்குகின்றது. தமிழிலோ பெரும்பாலும் எழுத்து நடையில், பெயருக்குப் பின் ‘-ஆக’ உருபோடு ஒட்டி வருவதாகவே நிலைத்துவிட்டது. ‘அரசியல் ரீதியாக’, ‘பொருளாதார ரீதியாக’, ‘சட்ட ரீதியாக’ என்பன செய்தித்தாள் தமிழின் வார்ப்புகள். வடசொல் என்பதால் இதனை விலக்க வேண்டும் என்பார் உளர். அவ்வாறு விலக்கி ‘அடிப்படையில்’ என்பதை இட்டாலும் பொருள் மயக்கம் அப்படியே நிற்கும். ஆகவே குறை சொல்லின் பிறப்பிடத்தைச் சார்ந்ததன்று. எத்துறைப் பெயரையும் முன்னே ஏற்று, எவ்வினைக்கும் அடையாகி நிற்கக்கூடிய வார்ப்பே குறை.

இம்மயக்கத்தால் விளையும் பிழைகளுள் தலையாயது ஒலிக்கும் ஒலியனுக்கும் உள்ள எல்லை அழிவதாகும். ‘தமிழில் ஒலிப்புடை வெடிப்பொலிகள் ஒலியியல் ரீதியாக இல்லை’ என்னும் வகை வாக்கியத்தை எடுத்துக்கொள்ளலாம். இது பிழை. தங்கம், நண்டு, பந்து, அம்பு ஆகிய சொற்களை ஒலிக்கும் ஒவ்வொரு தமிழர் வாயிலும் அவ்வொலிகள் பிறக்கின்றன. வல்லினம் சொல்லின் முதலிலும் இரட்டிக்கும்போதும் ஒலிப்பின்றியும், மெல்லினத்தை அடுத்தும் உயிர்களுக்கிடையிலும் ஒலிப்புடனும் வரும் இயல்பைக் கால்டுவெல் 1856இல் வெளிவந்த தம் ஒப்பிலக்கணத்தில் விதியாகவே வகுத்துரைத்தார். மேற்கண்ட வாக்கியத்தை எழுதுவோர் கருதுவது, அவ்வொலிகள் தனி ஒலியன்களாக இல்லை, மாற்றொலிகளாகவே உள்ளன என்பதாகும். அங்கு வேண்டிய சொல் ‘ஒலியனியல் நோக்கில்’ என்பது. அதுவும் இயற்சொற்களின் எல்லைக்குள்ளேயே பொருந்தும். தீவினையைக் குறிக்கும் ‘பாவம்’, மெய்ப்பாட்டைக் குறிக்கும் ‘பாவம்’ ஆகிய இரண்டும் வரிவடிவில் ஒன்று. வடசொல் ஒலிப்பைப் பேணுவோர் பேச்சில் முன்னதன் பகரம் ஒலிப்பிலா ஒலி. பின்னதன் பகரம் ஒலிப்புடை ஒலி. விளையாடும் ‘பந்து’, உறவினராகிய ‘பந்து’ என்பனவும் அத்தகையன. இத்தகைய இணைகள் பேச்சில் நிலைபெற்ற அளவிற்கு ஒலியன் நிலையிலும் மாற்றம் நேர்ந்துள்ளது எனக் கொள்ள வேண்டும்.

ஒலியியல், ஒலியனியல் என்னும் இரு சொற்களுக்கும் இடையிலுள்ள வேறுபாடு ஒரு னகரமே. அச்சுக் கோப்பவர் கை தவறினால் ஒரு துறை மற்றொரு துறையாகிவிடும். பிழை திருத்துபவர் கண்ணுக்கும் அது எளிதில் அகப்படாது. கன்னடத்தார் ‘த்வனி’, ‘த்வனிமா’ என்று வேறுபடுத்துவதிலும் இந்நெருக்கம் உண்டு. இக்கலைச்சொற்களை ஆக்கியோர் அடிச்சொல்லின் ஒருமையைப் பேணியது பாராட்டத்தக்கதே. ஆனால் நெருங்கிய இரு சொற்களுள் ஒன்றை மட்டுமே வினையடையாக ஆளும் வழக்கம், அவர்கள் வரைந்த கோட்டை அழித்துவிட்டது.

எழுத்துமுறையை ஆராயுமிடத்து இக்கோட்டின் இன்றியமையாமை தெளிவாகின்றது. கென்னத் பைக் 1947இல் வெளியிட்ட ஒலியனியல் நூலுக்கு, மொழிகளை எழுத்தில் அமைப்பதற்கான நுட்பம் எனத் துணைத்தலைப்பு இட்டார். ஒலிகள் அனைத்தையும் எழுதுவது எழுத்துமுறையின் நோக்கமன்று. பொருளை வேறுபடுத்தும் ஒலிகளை எழுதுவதே நோக்கம் என்பது அந்நூலின் அடிப்படை. தமிழ் நெடுங்கணக்கு வல்லினத்தைப் பொறுத்தவரை இக்கொள்கைக்கு நெருங்கியது. கன்னட நெடுங்கணக்கோ ஒலிப்பிலா ஒலிக்கும் ஒலிப்புடை ஒலிக்கும் தனித்தனி எழுத்து உடையது. கன்னட மொழியில் அவ்வேறுபாடு பொருள் வேறுபாடு தருவதால் அம்மொழிக்கு அதுவும் ஒலியனியல் எழுத்தே. ஒரே கொள்கை இரு மொழிகளில் இருவேறு நெடுங்கணக்குகளாக விளைந்துள்ளது.

இனி, கன்னட எழுத்து மட்டும் பயின்ற ஒரு தமிழ்ப் பிள்ளைக்குத் தமிழ்ப் பாடம் ஒன்றைக் கன்னட எழுத்தில் எழுதித்தர வேண்டியுள்ளது எனக் கொள்க. மார்டள்ளி போன்ற ஊர்களுக்குப் பாடக்கருவி அமைப்போர் எதிர்கொள்ளக்கூடிய நிலையே இது. ‘ஒலியியல் ரீதியாக எழுதித் தருக’ என்ற அறிவுரை இவ்விடத்தில் எதற்கும் உதவாது. ‘மகன்’ என்பதன் ககரத்திற்கு எவ்வெழுத்து? கன்னடத்தில் ‘மக’ என்னும் இனச்சொல்லில் உள்ள ஒலிப்புடை ககரத்தை இட்டால், பிள்ளை தன் வீட்டில் கேட்கும் நெகிழ்ந்த ஒலி அதுவன்று. ஹகரத்தை இட்டால் சொல்லின் வடிவமே அயன்மையுறும். விளையாடும் பந்தின் பகரத்தை ஒலிப்புடை எழுத்தால் தவறி எழுதிவிட்டால், கன்னடத்தில் அது ‘வந்து’ என்னும் எச்சமாகிவிடும். ‘ஆறு’, ‘வாழை’ ஆகியவற்றின் றகர ழகரங்களுக்கு இன்றைய கன்னட நெடுங்கணக்கில் எழுத்தே இல்லை. பழங்கன்னடத்தில் இருந்தவை வழக்கொழிந்தன. சொல்லிறுதிக் குற்றியலுகரம் இதழ் குவியாது ஒலிப்பது. கன்னட உகரக் குறியோ இதழ் குவிந்த உயிருக்குரியது.

இவ்வொவ்வோர் இடத்திலும் பாடம் அமைப்போர் ஒரு முடிவு எடுத்தாக வேண்டும். செவியிற் படும் ஒலியை எழுதுவதா, தமிழ் ஒலியன் ஒன்றுக்கு ஓர் எழுத்து என வரையறுப்பதா, கன்னட இனச்சொல்லின் வரிவடிவத்தைத் தழுவுவதா என்பன மூன்று தனி வழிகள். பிற்காலத்தில் அப்பிள்ளை தமிழ் எழுத்துக்கு மாறும்போது இரண்டாம் வழியில் பயின்றிருந்தால் இடர் குறைவு. உடனடியாக வாய்விட்டுப் படிப்பதற்கு முதல் வழி எளிது. எதனைத் தேர்ந்தாலும் தேர்ந்தது இன்னது என்று முன்னுரையில் சொல்லப்பட வேண்டும். ‘ஒலியியல் ரீதியாக’ என்ற தொடரோடு முன்னுரை நின்றுவிட்டால் பாடநூலை நடத்தும் ஆசிரியர் ஒவ்வொருவரும் தமக்குத் தோன்றிய வழியைக் கொள்வர். பிள்ளை இரண்டு வகுப்புகளில் இரண்டு எழுத்துகளைக் கற்கும்.

இது வெறும் ஐயமன்று என்பதற்கு அண்மைக்காலச் சான்று ஒன்று உண்டு. 2020 ஜூனில் தமிழ்நாட்டில் 1,018 ஊர்ப்பெயர்களைத் தமிழ் உச்சரிப்புக்கு ஏற்ப ஆங்கிலத்தில் எழுதும் அரசாணை வெளிவந்தது. பலதரப்புக் குறைகூறலுக்குப் பின் சில நாட்களிலேயே திரும்பப் பெறப்பட்டது. அதில் கோயம்புத்தூரின் பகரத்திற்கு ஆங்கிலத்தின் ஒலிப்பிலா எழுத்து இடப்பட்டிருந்தது. மகரத்தை அடுத்த பகரம் தமிழர் வாயில் ஒலிப்புடை ஒலியே. ஆங்கிலேயர் காலத்து வடிவம் பிற இடங்களில் எத்துணைச் சிதைந்திருப்பினும் அவ்வொலியைச் சரியாகக் காட்டியது. வேலூரின் ஏகாரத்தைக் காட்ட ஆங்கில எழுத்து இரட்டிக்கப்பட்டதால் அது ‘வீலூர்’ எனப் படிக்கும் வடிவமாயிற்று. உச்சரிப்பு என்ற பெயரில் நிகழ்ந்தது பெரிதும் எழுத்துப்பெயர்ப்பே. தமிழில் ‘ஒலிபெயர்ப்பு’ என்னும் சொல்லே எழுத்துப்பெயர்ப்பையும் சேர்த்துக் குறிக்கும் நிலையில், ஆணையை அமைத்தோரை மட்டும் குறை கூறுவது முறையாகாது.

பழந்தமிழ் இலக்கணத்தார் தம் கூற்றின் எல்லையை வரையறுப்பதில் காட்டிய கவனம் இங்கு நினைக்கத்தக்கது. தொல்காப்பியர் பிறப்பியலில் எழுத்துகள் பிறக்கும் இடத்தையும் முயற்சியையும் கூறி, இறுதியில், உள்ளே எழும் காற்றின் அளவு அந்தணர் மறையில் உள்ளதாகும் எனவும், தாம் கூறியது புறத்தே கேட்கும் இசையின் அளவே எனவும் தெளிவுபடுத்துகின்றார். எந்த அளவில் கூறுகின்றோம் என்பதைச் சொல்ல அவருக்கு ஒரு முழு நூற்பா தேவைப்பட்டது. இன்றைய கட்டுரையாளர் அதே பணியை ஒரு வினையடையிடம் ஒப்படைக்கின்றனர்.

தமிழின் வேற்றுமை உருபுகளும் வினையெச்சங்களும் இப்பணிக்குப் பெரும்பாலும் போதுமானவை. இரு சொற்கள் ஓசையில் ஒத்துப் பொருளில் வேறுபடுவதைக் கூற ‘ஒலியால் ஒத்தவை’ என்பதே அமையும். அங்கு ‘இயல்’ என்னும் துறைப்பெயருக்கு வேலையில்லை. வாயுறுப்புகளின் தொழிலைக் கூறுமிடத்து ‘ஒலிப்பில்’, கேட்போர் உணர்வைக் கூறுமிடத்து ‘செவிக்கு’, கருவி காட்டிய அளவைக் கூறுமிடத்து ‘அளவீட்டில்’ என்பன நிற்கலாம். பேசுவது போலவே எழுதுதல் என்ற முறைப்பொருளுக்கு ‘ஒலித்தவாறு’ என்பது பொருந்தும். ‘ஒலியியல் நோக்கில்’ என்பதை நோக்குப்பொருள் ஒன்றற்கே உரியதாக்கி, அதற்கு இணையாக ‘ஒலியனியல் நோக்கில்’ என்பதையும் தயங்காது ஆளலாம். மைசூரில் 1969இல் நிறுவப்பட்ட இந்திய மொழிகளின் நடுவண் நிறுவனம் 1970களின் தொடக்கத்தில் தமிழுக்கும் கன்னடத்துக்கும் வெளியிட்ட ஒலியியல் நூல்கள், ஒவ்வோர் ஒலியின் பிறப்பையும் அது வரும் சூழலையும் தனித்தனியே விவரிப்பன. அத்தகைய விவரிப்பு உள்ளவிடத்து வினையடை சுருக்கமாக நிற்பதில் இழப்பில்லை. விவரிப்பு இல்லாதவிடத்து அது எதனையும் சுருக்கியதாகாது.

மார்டள்ளிக்கு மீண்டால், எழுத்துப்பெயர்ப்பே நோக்கம் எனின் ‘மார்டள்ளி’ என்பதும், கன்னட எழுத்தின் டகர ஒலியைத் தமிழர் வாயில் பெறுவதே நோக்கம் எனின் ‘மார்ட்டள்ளி’ என்பதும் சரியாகும். மூன்றாவதாக ஒன்று உண்டு. அவ்வூரில் வீட்டில் தமிழும் பள்ளியில் கன்னடமும் பேசும் ஒருவர், தமிழில் உரையாடும்போதும் கன்னடத்தில் உரையாடும்போதும் தம் ஊர்ப்பெயரின் டகரத்தை ஒரே வகையாக ஒலிக்கின்றாரா என்பது, இரு உரையாடல்களையும் பதிவுசெய்து ஒப்பிட்டு அறிய வேண்டியது. அவ்வொப்பீட்டின் முடிவை எழுதுமிடத்து ‘ஒலியியல் ரீதியாக’ என்னும் தொடர் வருமாயின், அங்கு அதற்கு ஒரு பொருளே இருக்கும்.