பத்துச் செக்கன்: நடிகை சுலபா தேஷ்பாண்டே பற்றிய ஒரு நோக்கு

நாடக மேடையிற் பயின்ற ஒருவர் திரைப்படத்துக்குச் செல்லுதலை ஏணிப்படி ஏறுதலாகக் கருதுவது நம்மவரிற் பலர்க்கு வழக்கமாயிற்று. மராத்தி நடிகை சுலபா தேஷ்பாண்டேயின் (1937–2016) கலைவாழ்வை ஊன்றி நோக்குவார்க்கு இக்கருத்து நிலைபெறாது. அவர்தம் நடிப்பின் உச்சி 1967 ஆம் ஆண்டிலேயே, ‘ரங்காயன்’ என்னும் சிறு பரிசோதனை நாடகக் குழுவின் மேடையில் எய்தப்பட்டுவிட்டது என்பதே எமது துணிபு.

சுலபா பம்பாய்த் தாதர்ப் பகுதியிலுள்ள சபில்தாஸ் பாடசாலையில் ஆசிரியையாக இருந்தவர். விஜய் தெண்டுல்கர் எழுதி, சுலபாவின் கணவர் அரவிந்த் தேஷ்பாண்டே நெறிப்படுத்திய ‘சாந்ததா! கோர்ட் சாலூ ஆஹே’ என்ற நாடகத்தில் அவர் தாங்கிய லீலா பேணாரே என்னும் பாத்திரமும் ஓர் ஆசிரியையே. ‘அமைதி! நீதிமன்றம் நடைபெறுகின்றது’ என்பது அத்தலைப்பின் பொருள்.

கிராமமொன்றுக்கு நாடகமாட வந்த குழுவினர், பொழுதுபோக்காக ஒரு பொய் வழக்கை நடத்துகின்றனர். குற்றக் கூண்டிலே பேணாரே. மணமாகாத அவள் கருவுற்றிருக்கின்றாள் என்பதும், அதற்குக் காரணரான பேராசிரியர் அன்று அங்கு வரவேயில்லை என்பதும் மெல்ல மெல்ல வெளிப்பட, விளையாட்டு வேட்டையாக மாறுகின்றது. தொடக்கத்திலே அவள் விரல் கதவுத் தாழ்ப்பாளில் நசுங்குகின்றது; பின்னர் அவள் வெளியேற முயலுங்கால் அதே தாழ்ப்பாள் அவளைச் சிறைப்படுத்துகின்றது. சிறு நிகழ்ச்சிதான்; ஆயினும் தெண்டுல்கர் எத்துணை நுண்ணிய தச்சர் என்பதற்கு இஃதொன்றே சாலும்.

தீர்ப்புக்கு முன் நீதிபதி அவளுக்குப் பேசுதற்குப் பத்துச் செக்கன் அளிக்கின்றார். மற்றையோர் இருந்தவாறே உறைந்துவிட, பேணாரே நெடிதாகப் பேசுகின்றாள்: இளமையில் தாய்மாமனால் ஏமாற்றப்பட்டதை, வகுப்பறைப் பிள்ளைகள் மீது தான் வைத்த அன்பை, தன் உடலைத் தானே வெறுத்ததை. பேசி முடிந்ததும் நீதிபதி நேரம் முடிந்தது என்கின்றார். அங்கிருந்தோர் காதில் ஒரு சொல்லும் விழவில்லை, கேட்டவர் அவையோரே. பத்துச் செக்கனை ஒரு வாழ்நாளாக விரித்துக் காட்டும் பொறுப்பு முற்றும் நடிகையைச் சார்ந்தது. அழுது அரற்றினால் வெறும் இரங்கற்பாவாகிவிடும். அறிவுரைபோல் உரைத்தால் நாடகமே சரிந்துவிடும்.

சத்யதேவ் துபே 1971 இல் இதனைத் திரைப்படமாக்கியபோதும் சுலபாவே பேணாரேயாக நடித்தார். மேடையிற் காணும் பேறு வாய்க்காத எம்போன்றோர்க்கு அப்படம் ஒரு கொடை. ஆயினும் அண்மைக்காட்சி எதுவும் முகத்தைத் தருங்கால் சூழலை எடுத்துக்கொள்கின்றது. மேடையிலோ, அவளைச் சுற்றி உறைந்திருக்கும் அம்மனிதர்களை நாம் ஒரு கணமும் மறத்தல் இயலாது; அவர்களுள் நாமும் ஒருவரோ என்ற கூச்சம் எழுவது அதனாலேயே.

பின் வந்த திரைப்படங்கள் அவருக்கு அளித்தவை பெரும்பாலும் தாய், மாமியார், பாட்டி வேடங்களே. ஷியாம் பெனகலின் ‘பூமிகா’வில் (1977) நாயகியின் தாயாக வருகின்றார். மகள் திரைப்பட நடிகையாவதை வெறுக்கும் அத்தாயின் கடுமையில், பொல்லாங்கைவிட அச்சமே மிகுந்து தோன்றுகின்றது. தொலைக்காட்சித் தொடர்களிலும் இத்தகைய முதுமை வேடங்களே கிடைத்தன. மேடையிலே பத்துச் செக்கனை விரித்தவருக்கு, இங்கே மெய்யாகவே பத்துச் செக்கன்தான். அதனையும் அவர் வீணாக்கவில்லை என்பது வேறு. அத்தகைய ஒருவருக்கு அதனை மட்டும் அளித்தல் முறையோ என்று கேளாதிருக்க முடியவில்லை.

அவரோ மேடையை விட்டாரல்லர். 1971 இல் கணவருடன் ‘ஆவிஷ்கார்’ என்னும் குழுவைத் தொடங்கினார். 1974 முதல் அக்குழுவுக்கும் வேறு பல பரிசோதனைக் குழுக்களுக்கும் இடமளித்தது எந்த அரங்கம்? தாம் கற்பித்த அதே சபில்தாஸ் பாடசாலையின் மண்டபமே! மராத்தி நாடக வரலாற்றில் ‘சபில்தாஸ் இயக்கம்’ என்று ஒரு காலப்பகுதியே அதனாற் பெயர்பெற்றது. பரிசளிப்பு விழாவுக்கும் பரீட்சைக்கும் மட்டுமே மண்டபத்தைத் திறக்கும் நாம் இதனைச் சற்றே எண்ணிப் பார்க்கலாம். சிறுவர்க்கென ‘சந்திரசாலா’ என்னும் பிரிவையும் அவர் வளர்த்தார். அரவிந்த் 1987 இல் மறைந்த பின்னரும் அப்பணி தொடர்ந்தது.

தமிழிலும் வெளிவந்த ‘இங்கிலிஷ் விங்கிலிஷ்’ (2012) திரைப்படத்தை நம் மாணவரிற் பலர் கண்டிருப்பர். அதில் ஸ்ரீதேவியின் மாமியாராக, அதிகம் பேசாது, மருமகளை அன்போடு நோக்கியிருக்கும் மூதாட்டி இவரே.